ஏழும் எட்டும்

கூட்ட அறைக்கு டைரக்டரின் லேப்டாப் முதலில் வந்தது. டைரக்டர் பிறகு வந்தார். வரிசை எப்போதும் அப்படித்தான். அலுவலக உதவியாளர் அதை இரண்டு கைகளாலும் ஏந்திவந்து மேஜையின் தலைமாட்டில் வைத்து, புரொஜெக்டர் ஒயரைச் செருகிவிட்டு, மூடியின் மேலிருந்த தூசியைச் சட்டைக் கையால் துடைத்தார். சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்திருக்கலாமா வேண்டாமா என்று யோசித்தார்கள். ஒரு லேப்டாப்புக்கு எழுந்து நிற்பது கொஞ்சம் அதிகம் என்று பட்டதால், பாதி எழுந்தவர்கள் நாற்காலியைச் சரிசெய்வதுபோல் பாவனை செய்து மறுபடி உட்கார்ந்தார்கள்.

அன்றைய கூட்டம் ஐஸைப் பற்றியது. ஐஸ் என்பது ஓர் ஆள். மருந்துக் கிடங்குகளின் குளிர் அறைகளுக்கு வெப்பநிலைக் கருவிகளும் அலாரமும் செய்துகொடுக்கிற நிறுவனம் அது. அவற்றை மாட்டுவதும் பழுது பார்ப்பதும் அவன் வேலை. நாள் முழுக்கக் குளிரில் நிற்பதால் ஐஸ் என்று பேர் வந்தது. யாருக்கும் ஐஸ் வைக்கத் தெரியாதவன் என்பதால் பேர் நிலைத்துவிட்டது. போன வாரம் ஒரு கிடங்கில் குளிர் குறைந்து, அலாரம் அடிக்காமல், ஓர் அறை நிறைய இருந்த இன்சுலின் வீணாகிப்போனது. கிடங்குக்காரர்கள் மருந்தை அழித்துவிட்டு, இதற்கு யார் பொறுப்பு என்று கேட்டு எழுதியிருந்தார்கள். அன்று அந்தக் கிடங்குக்குப் போன ஊழியர் ஐஸ் ஒருவன்தான். காலையில் டைரக்டரும் விருந்தினர்களை அழைத்துக்கொண்டு அங்கே இருந்தார். ஆனால் டைரக்டர் எங்கேயும் போவதில்லை, வருகை தருவார். வருகை தந்தவர்களை விசாரிக்கும் வழக்கம் அந்த நிறுவனத்தில் இல்லை.

டைரக்டர் வந்தார், உட்கார்ந்தார், லேப்டாப்பைத் திறந்தார். சுவரில் விழுந்த திரையில் முதலில் அவர் பேர் வந்தது. பிறகு கிடங்கின் கருவிகள் அன்று தங்களுக்குள் பேசிக்கொண்டதெல்லாம் வரிவரியாக வந்தது. நண்பகல் வரியில் நிறுத்தி, செய்தி வாசிப்பவரைப்போல் வாசித்தார்: செய்தி எண் ஏழு, அலாரம் நிறுத்து, அனுப்பியது ஐஸின் கைக்கருவி. எச்.ஆர். அம்மா எழுதிக்கொண்டாள்.

"சார், நான் கடிகாரத்தைத்தான் சரி பண்ணினேன். பின்னால ஓடிட்டிருந்தது" என்றான் ஐஸ்.

"தம்பி, நான் ஒண்ணும் சொல்லல. ஃபைல் சொல்லுது" என்றார் டைரக்டர்.

எழுத்தில் விளக்கம் தர வேண்டும், வரும் திங்கட்கிழமை இறுதிக் கூட்டம் என்று முடிவானது. முடிவு என்னவாக இருக்கும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. வேலை போகும்; அதோடு, அலாரத்தை நிறுத்தியவன் இவன்தான் என்று கிடங்குக்காரர்களுக்குப் பேர் போட்டுக் கடிதம் போகும். குளிர் அறைத் தொழிலில் எல்லாருக்கும் எல்லாரையும் தெரியும். அப்படி ஒரு கடிதம் போனவனை வீட்டு ஃபிரிட்ஜைத் தொடக்கூட யாரும் விடமாட்டார்கள்.

மேஜையின் கடைசியில், மடியில் தன் லேப்டாப்பைத் திறந்துவைத்தபடி ஐஸின் மனைவி உட்கார்ந்திருந்தாள். அதே நிறுவனம்தான், மென்பொருள் பிரிவு. லைப்ரரியம்மா என்றால்தான் எல்லாருக்கும் தெரியும். டைரக்டர் வாசித்த அதே நாள், அதே வரி அவள் மடியிலும் இருந்தது. அதில் ஏழுக்கு நேராக 'கடிகாரம் சரிசெய்' என்று இருந்தது.

குளிர் அறைக் கருவிகள் எண்களில்தான் பேசும். பிடித்துவைத்த அந்தப் பேச்சை அப்படியே திறந்தால் சர்க்கரை டப்பாவைச் சுற்றி எறும்பு ஊர்கிற மாதிரி இருக்கும். எந்த எண்ணுக்கு என்ன அர்த்தம் என்று சொல்வது ஒரு லைப்ரரி ஃபைல். அதை லேப்டாப்பில் உரிய ஃபோல்டரில் போட்டுவிட்டால், எண்ணுக்குப் பக்கத்தில் மனுஷ வார்த்தை வந்துவிடும். ஆளுக்கொன்று எழுதாமல் எல்லாரும் ஒன்றையே எடுத்துப் பயன்படுத்துவதால் அதற்குப் பகிர்வு லைப்ரரி என்று பேர். அதை எழுதியவளும் பராமரிக்கிறவளும் அவள். 'எங்களுக்கென்றே சொந்தமாக ஒரு பகிர்வு நூலகம் உள்ளது' என்று டைரக்டர் நிறுவனத்தின் கையேட்டில் அச்சடிக்க வைத்தார். விருந்தினர் ஒருவர் கையேட்டைப் படித்துத் தொலைத்தார். படித்ததோடு நிற்காமல் நூலகத்தைப் பார்க்கவும் ஆசைப்பட்டார். மறுவாரமே வரவேற்பறைக்கு ஒரு கண்ணாடி அலமாரி வந்தது, அதற்குள் ஒரே உயரத்தில் புத்தகங்கள் வந்தன. அலமாரிச் சாவி இன்றுவரை டைரக்டரிடம்தான்.

முதலில் இருந்த கருவிகளில் ஏழு என்றால் 'அலாரம் நிறுத்து', எட்டு என்றால் 'அறிக்கை அனுப்பு'. புதிய கருவிகளில் கடிகாரத்தைச் சரிசெய்ய ஒரு கட்டளை தேவைப்பட்டது. கடைசியில் ஒரு புது எண்ணாகச் சேர்த்தால் வேலை முடிந்தது. ஆனால் அந்தச் சமயம் டைரக்டர் நேரத்தின் அருமை பற்றி எங்கோ உரையாற்றிவிட்டு வந்திருந்தார். 'காலம் முதலில், எச்சரிக்கை பிறகு' என்று சொல்லி, கடிகாரத்தை அலாரத்துக்கு முன்னால் வைக்கச் சொன்னார். வாக்கியம் நன்றாக இருந்ததால் யாரும் மறுக்கவில்லை. கடிகாரம் ஏழாகியது, அலாரம் நிறுத்துவது எட்டுக்குத் தள்ளப்பட்டது, அறிக்கை ஒன்பதுக்குப் போனது. இப்போது எல்லாக் கிடங்குகளிலும் இருப்பவை இந்தப் புதிய கருவிகள்தான். லைப்ரரியம்மா அதற்கேற்பப் புது ஃபைல் எழுதிப் பொது ஃபோல்டரில் போட்டாள். எல்லாரும் எடுத்துக்கொண்டார்கள், ஒருவரைத் தவிர.

பழைய ஃபைலில், திறந்தவுடன் 'இவரது வழிகாட்டுதலில் உருவானது' என்று டைரக்டர் பேர் வரும். அலங்கார எழுத்தில் அமைந்த அந்த வரி சில லேப்டாப்புகளில் மென்பொருளையே முடக்கிப்போட்டதால், புது ஃபைலில் அவள் அதை எடுத்துவிட்டிருந்தாள். டைரக்டர் புது ஃபைலைப் போட்டார், திறந்தார், பேர் வரவில்லை. மூடிவிட்டுத் திறந்தார், அப்போதும் வரவில்லை. இது நம் ஃபைல் இல்லை என்று பழையதையே திரும்பப் போட்டுக்கொண்டு, இனி என் லேப்டாப்பை எவரும் தொடக் கூடாது என்று உத்தரவும் போட்டார். ஆக, அந்த அலுவலகத்தில் மற்றவர்களுடைய லேப்டாப்புகளில் ஓர் உண்மையும், டைரக்டருடைய லேப்டாப்பில் அதைவிடப் பணிமூப்புள்ள இன்னோர் உண்மையும் இருந்துவந்தன. இதுவரை அதனால் கெடுதல் ஒன்றும் வந்ததில்லை. அவர் வாசித்துக் காட்டுவார், விருந்தினர்கள் தலையாட்டுவார்கள், படம் எடுத்துக்கொண்டு போவார்கள்.

அன்றைய கூட்டத்திலேயே லைப்ரரியம்மா கையைத் தூக்கினாள். எச்.ஆர். அம்மா தலையை லேசாக ஆட்டித் தடுத்துவிட்டு, பிறகு வராந்தாவில் தனியாக அழைத்துப் பேசினாள். தன்னுடைய லேப்டாப்பிலும் ஏழு கடிகாரம்தான் என்று அவளே ஒப்புக்கொண்டாள். ஆனால் அதை யார் சொல்வது என்று ஒரு முறை இருக்கிறதல்லவா? "நீங்க சொன்னா அது சாட்சி இல்லம்மா. புருஷனுக்காகப் பொண்டாட்டி போடுற சண்டை" என்றாள். வேறு யாராவது சொன்னால் பரவாயில்லையா என்று லைப்ரரியம்மா கேட்டாள். தாராளமாக, தானே அதைப் பதிவுசெய்வதாகச் சொன்னாள் எச்.ஆர். அம்மா, அப்படி எவரும் முளைக்கமாட்டார்கள் என்ற தைரியத்தில்.

முளைக்கக்கூடிய ஒரே ஆள் லைப்ரரியம்மாவின் பக்கத்து மேஜைக்காரர். எந்தக் கோளாறென்றாலும் அணைத்துவிட்டுத் திரும்பப் போடச் சொல்வதால் அவருக்கு ரீஸ்டார்ட் என்று பேர். அவரிடம் அவள் இன்னும் வாயே திறக்கவில்லை. அவரே நாற்காலியை உருட்டிக்கொண்டு வந்தார்.

"மேடம், அன்னிக்குக் காலையில ஒரு எட்டாம் நம்பர் இருக்கே, பாத்தீங்களா?"

"பாத்தேன்."

"நான் பாக்கல. ஞாபகம் வச்சுக்கோங்க, நான் பாக்கவே இல்ல" என்று சொல்லிவிட்டு, வந்த வழியே உருண்டு போனார்.

ஐஸ் போவதற்கு முன்னால், காலையில், எட்டாம் எண் செய்தி ஒன்று போயிருந்தது. அலாரம் நிறுத்து, அனுப்பியது விருந்தினர் டேப்லெட். விருந்தினர் டேப்லெட் என்று பேர்தானே தவிர எந்த விருந்தினரும் அதைத் தொட்டதில்லை. அது டைரக்டர் கையிலேயே இருக்கும். நடந்ததைக் கார் டிரைவர் சொல்லி எல்லாருக்கும் தெரியும். குளிர் அறைக் கதவைத் திறந்துவைத்து, புகைபோல் வருகிற குளிரில் நின்று விருந்தினர்கள் படம் எடுத்துக்கொண்டார்கள். கதவு திறந்திருந்ததால் அலாரம் அடித்தது. டைரக்டர் அப்போது தங்கள் அலாரம் ஒருபோதும் தவறியதில்லை என்று விளக்கிக்கொண்டிருந்தார்; அலாரச் சத்தத்தில் அது யாருக்கும் கேட்கவில்லை. டேப்லெட்டில் எதையோ தட்டினார், சத்தம் நின்றது, உரை தொடர்ந்தது. கதவு சரியாகச் சாத்திக்கொள்ளவில்லை என்பதைச் சொல்ல அதன்பிறகு அலாரம் இல்லை. நண்பகலில் போன ஐஸ் வெளிச்சுவரில் இருக்கும் கட்டுப்பாட்டுப் பெட்டியில் கடிகாரத்தைத் திருத்திவிட்டு அடுத்த கிடங்குக்குக் கிளம்பிவிட்டான். அலுவலகம் முழுக்கத் தெரிந்த இந்தக் கதை தெரியாத ஒரே ஆள் டைரக்டர். சத்தத்தை அடக்கியது அவருக்கு நினைவிருக்குமா என்பதே சந்தேகம். அவருடைய லேப்டாப்பில் அந்த எட்டு, 'அறிக்கை அனுப்பு' என்று சமர்த்தாக உட்கார்ந்திருந்தது.

அவள் டைரக்டர் அறைக்கே போனாள். கணவனைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை; உங்கள் ஃபைல் பழையது, புதியதைப் போட்டுத் தருகிறேன் என்று மட்டும் சொன்னாள். அவர் கோபப்படவில்லை, உட்காரச் சொன்னார். பழையது என்ற சொல்லை 'மூலம்' என்று திருத்தினார்.

"மூலம் என்கிட்ட இருக்கும்மா. மத்தவங்ககிட்ட இருக்கறதெல்லாம் நகல். நகலைப் பாத்து மூலத்தைத் திருத்துவாங்களா?"

சொல்லும்போதே அவர் லேப்டாப்பைத் திறந்து அவள் பக்கம் திருப்பினார். பேர் வந்தது. அதன் அடியில் சுட்டுவிரலை இடமிருந்து வலமாக மெதுவாக ஓட்டினார், புதிதாக வாங்கிய துணியின் கரையைத் தடவிப் பார்ப்பதுபோல. லைப்ரரியம்மா விரலையே பார்த்துக்கொண்டிருந்தாள். வாதாட வேண்டிய இடம் எண்கள் இல்லை என்று அவளுக்கு அப்போதுதான் புரிந்தது.

வீட்டில் ஐஸ் விளக்கக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தான். 'மதிப்பிற்குரிய' என்பதைத் தாண்டி ஒரு வார்த்தையும் நகரவில்லை. அவன் அம்மா டிவியின் சத்தத்தைக் குறைத்துவிட்டு, யார் முகத்தையும் பார்க்காமல், பொதுவாக ஒரு கருத்தைச் சொன்னாள்: "ஃபைலத் திருத்தறவ இதே வீட்டுல இருக்கா. என் புள்ளைக்கு ஃபைலால கண்டம்."

"திருத்தத்தான் போறேன், அத்தை" என்றாள் லைப்ரரியம்மா.

டைரக்டர் பேர் வருகிற அந்த அலங்கார வரி சில லேப்டாப்புகளைத்தான் முடக்கும். டைரக்டருடையதை ஒருநாளும் முடக்கியதில்லை. அவருக்கென்று தனியாக ஒரு ஃபைல் செய்தால் என்ன? பேர் வரட்டும், இன்னும் பெரிதாக, தங்க நிறத்தில், கீழே ஒரு கோடும் போட்டு வரட்டும். தானாகவே போட்டுக்கொள்வார். பேருக்குக் கீழே இருக்கிற அர்த்தங்கள் புதிதாக இருந்தால் போதும். இதை அவள் சொன்னபோது ஐஸ் முதலில் சிரித்தான். இத்தனை வருஷமாகத் தனக்குக் கைவராத வித்தை மனைவிக்கு ஒரே நாளில் வந்துவிட்டதே என்றான். கொஞ்ச நேரம் கழித்துச் சிரிப்பு நின்றது.

"அப்ப எட்டும் மாறும்ல?"

"மாறும்."

"ஏழு மட்டும் போதுமே. எட்டு எப்பவும்போல 'அறிக்கை'ன்னு இருந்துட்டுப் போகட்டும். நமக்கென்ன?"

ரீஸ்டார்ட்டும் சாயங்காலம் போனில் இதையேதான் சொல்லியிருந்தார். ஏழைத் திருத்தினால் ஐஸ் தப்பிப்பான். எட்டை விட்டுவைத்தால் டைரக்டர் தப்பிப்பார். பழியைக் கருவியின் மேல் போட்டுவிடலாம், கருவிக்குப் பெண்டாட்டி பிள்ளையா இருக்கிறது என்றார். யோசனையில் குறை ஒன்றும் இல்லை. எல்லாருக்கும் நல்லது செய்கிற யோசனை. இரண்டு ஃபைல்களையும் அவள் செய்து பார்த்தாள். ஒன்றில் ஏழும் எட்டும் சரி. மற்றதில் ஏழு சரி, எட்டு 'அறிக்கை அனுப்பு'. இரண்டுக்கும் ஒரே ஒரு வரிதான் வித்தியாசம்.

"பழைய ஃபைல் பொய் சொல்லலங்க. அதுக்குத் தெரியாது, அவ்வளவுதான். தெரிஞ்சே நான் எழுதினா அதுக்குப் பேர் என்ன?" என்றாள்.

"குடும்பம்னு பேர்" என்றான் ஐஸ். கோபமாகச் சொல்லவில்லை. "எனக்கு வேலை இருந்து உனக்குப் போச்சுன்னா, அது மட்டும் சரியா?"

அவன் கேட்டதில் தப்பில்லை என்பதுதான் கஷ்டம். டைரக்டர் அடுத்த மாதமும் எங்காவது ஒரு குளிர் அறைக்கு வருகை தருவார். அங்கேயும் கதவைத் திறந்து படம் எடுப்பார்கள், சத்தம் தொந்தரவாக இருக்கும், அவர் விரல் மறுபடி அதே இடத்தைத் தட்டும். இந்தத் தடவை மருந்து கெட்டதை யாரோ கவனித்தார்கள். அடுத்த தடவை கவனிக்காமல் அனுப்பிவிட்டால், அது யாருடைய உடம்பிலோ போய் ஏறும். இதையெல்லாம் அவள் கணவனிடம் விளக்கவில்லை. குளிர் அறையைப் பற்றி அவனுக்கு விளக்குவது, மீனுக்குத் தண்ணீரைப் பற்றி விளக்குவது. அவனுக்குத் தெரியும். தெரிந்துதான் கேட்கிறான். கேட்டுவிட்டு, எந்த ஃபைல் என்று மறுபடி கேட்காமல், கடிதத்தின் 'மதிப்பிற்குரிய'வுக்குத் திரும்பப் போய்விட்டான்.

திங்கட்கிழமை கூட்டத்துக்கு முன்னால் அவள் டைரக்டர் அறைக் கதவைத் தட்டினாள். மூலத்தை இனி யாரும் மாற்ற முடியாதபடி, அவர் பேரிலேயே சிறப்புப் பதிப்பாகச் செய்திருப்பதாகச் சொன்னாள். அவர் பென் டிரைவை வாங்கித் தன் கையாலேயே ஃபைலைப் போட்டுக்கொண்டார். போட்டதும் திரை ஒரு கணம் இருண்டு, பிறகு பேர் தங்க நிறத்தில் எழுந்தது. அவர் நாற்காலியில் சாய்ந்துகொண்டார்.

"இது எல்லாருக்கும் வருமாம்மா?"

"இல்ல சார். உங்களுக்கு மட்டும்தான்."

"அதுதான் முறை" என்றார். வழக்கத்துக்கு மாறாக அன்று லேப்டாப்பை உதவியாளரிடம் கொடுக்காமல் தானே எடுத்துக்கொண்டு நடந்தார். கூட்ட அறைக்குள் அதுவும் அவரும் ஒன்றாக வந்ததால், எழுந்து நிற்பதில் இந்த முறை யாருக்கும் குழப்பம் இல்லை.

பேரைச் சுவரில் எல்லாரும் பார்த்து முடிக்கும்வரை காத்திருந்தார். எச்.ஆர். அம்மா மிகவும் அழகாக இருப்பதாகச் சொன்னாள். பிறகு அவர் நண்பகல் வரிக்குப் போய் வாசிக்க ஆரம்பித்தார். செய்தி எண் ஏழு, கடிகாரம் சரிசெய். நின்றார். கண்ணாடியை மேலே தள்ளிவிட்டு இன்னொரு தடவை மனதுக்குள் வாசித்தார். ஐஸ் மேஜையின் விளிம்பைப் பிடித்திருந்தான்.

டைரக்டருக்குத் தடுமாற்றம் வெகுநேரம் நீடிப்பதில்லை. "நான் அன்னிக்கே என்ன சொன்னேன்? ஃபைல் சொல்லுதுன்னு சொன்னேன். இப்ப ஃபைல் என்ன சொல்லுது? இந்தத் தம்பி கடிகாரத்தைச் சரி பண்ணியிருக்கார்." அவசரப்பட்டு ஒருவர் மேல் பழி போடுவது தன் நிறுவனத்தின் பண்பாடு இல்லை என்று பொதுவாகக் கண்டித்தார். எல்லாரும் அந்தக் கண்டிப்பை ஏற்றுக்கொண்டார்கள். எச்.ஆர். அம்மா, அப்படியானால் கருவியின் கோளாறு என்று எழுதிக் கூட்டத்தை முடித்துக்கொள்ளலாமா என்று எழுந்தாள். ரீஸ்டார்ட் டீ சொல்லலாம் என்றார். நாற்காலிகள் பின்னால் நகர ஆரம்பித்தன.

"உக்காருங்க" என்றார் டைரக்டர். "அலாரத்தை யாரோ நிறுத்தியிருக்காங்க. யாருன்னு தெரியாம ஒருத்தரும் வெளிய போகக் கூடாது."

நாற்காலிகள் முன்னால் வந்தன. எச்.ஆர். அம்மா தண்ணீர் குடித்தாள். டைரக்டர் நண்பகலிலிருந்து காலையை நோக்கி மேலே போக ஆரம்பித்தார். வெப்பநிலை, வெப்பநிலை, கதவு, வெப்பநிலை. ஒவ்வொன்றாக வாசித்தார். உட்கார்ந்து வாசிப்பது போதாமல், லேப்டாப்பில் வரிகளை நகர்த்தும் வேலையை ரீஸ்டார்ட்டிடம் கொடுத்துவிட்டு, எழுந்து சுவருக்குப் போய், வரியைத் தன் விரலால் தொட்டுத் தொட்டு வாசித்தார். ரீஸ்டார்ட் தன் வாழ்நாளில் இவ்வளவு மெதுவாக எதையும் நகர்த்தியதில்லை. மேஜைக்கு அடியில் ஐஸின் கால் மனைவியின் காலைத் தேடி வந்து அழுத்தியது. கோபமா, வேறு ஏதாவதா என்று அவளால் சொல்ல முடியவில்லை. அழுத்திய கால் அங்கேயே இருந்தது. அவள் லேப்டாப்பை மூடி மடியில் வைத்துக்கொண்டாள்.

"எட்டு" என்றார் டைரக்டர். குரல் உயர்ந்தது. "அலாரம் நிறுத்து. கண்டுபிடிச்சாச்சு. அனுப்பியது..."

விரல் வலப்பக்கமாக நகர்ந்தது. அடுத்த சொல்லைப் பார்ப்பதற்காக அவர் ஓரடி முன்னால் வைத்தார். புரொஜெக்டர் வெளிச்சத்துக்குள் முழுதாக வந்துவிட்டதால், சுவரில் இருந்த வரிகள் அவர் மேல் விழுந்தன. எழுத்துகள் வெள்ளைச் சட்டையின் முதுகில் வளைந்து, காலரில் மடிந்து, காது மடலில் ஒன்றிரண்டு ஒட்டிக்கொண்டன. அவர் திரும்பினார். நெற்றியில் ஓர் எட்டு இருந்தது; கண்ணாடியின் இரண்டு வட்டங்களிலும் எதுவும் தெரியாதபடி வெளிச்சம் இருந்தது. கொஞ்சம் தள்ளி நில்லுங்கள் சார் என்று யாராவது சொல்லியிருக்கலாம். யாரும் சொல்லவில்லை. அவர் மூச்சு வாங்க வாங்க, சட்டை முன்பக்கத்தில் அந்த வரி லேசாக ஏறி, லேசாக இறங்கிக்கொண்டிருந்தது.